பட்டை முதலில், எலுமிச்சை கடைசியில்: குளிர்நாளுக்கு ஒரு பழத் தேநீர்

எலுமிச்சை ரசம் வைக்கத் தெரிந்தவருக்கு இந்தத் தேநீர் பாதி தெரிந்த மாதிரிதான். பருப்புத் தண்ணீரில் தக்காளியும் மிளகும் சீரகமும் கொதிக்கும். நுரை கூடி வரும்போது அடுப்பை அணைப்போம். அதற்குப் பிறகுதான் எலுமிச்சம்பழத்தைப் பிழிவோம். முன்னாலேயே பிழிந்து கொதிக்கவிட்டால் கசந்துபோகும் என்று யாரும் நமக்குப் பாடம் எடுத்ததில்லை. அம்மா செய்வதைப் பார்த்துப் பார்த்துக் கை பழகிவிட்டது. ஆப்பிள், ஆரஞ்சு, பட்டை, கிராம்பு, தேயிலை எல்லாம் சேர்த்துக் குளிருக்குச் சுடச்சுடக் குடிக்கும் பழத் தேநீருக்கும் அடிப்படை இதுதான். எல்லாம் ஒரே பாத்திரத்துக்குள் போகின்றன, ஆனால் ஒரே நேரத்தில் போவதில்லை.

முதல்முறை செய்கிறவர்கள் தடுமாறுவது இந்த இடத்தில்தான். நானும் அப்படித்தான் தொடங்கினேன். ஒரு மார்கழியில் குன்னூரில் சித்தி வீட்டில் தங்கியிருந்தேன். வெளியே பனி இறங்கிக்கொண்டிருந்தது. வீட்டில் இருந்த பழம், பட்டை, இஞ்சி, டீத்தூள் அத்தனையையும் ஒன்றாகப் போட்டு 20 நிமிடம் தளதளவென்று கொதிக்கவிட்டேன். வீடு முழுக்க மணந்தது. டம்ளரில் ஊற்றிக் குடித்தால் நாக்கு துவர்ப்பில் சுருங்கியது, தொண்டையில் கசப்பு நின்றது, பழவாசம் எங்கேயும் இல்லை. சித்தி ஒரு வாய் குடித்துவிட்டு, "மணமெல்லாம் வீட்டுக்குப் போயிருச்சு கண்ணு, டம்ளருக்கு ஒண்ணும் வரலை. கஷாயம் காய்ச்சுற மாதிரி காய்ச்சிட்ட. இதை ரசம் மாதிரி வைக்கணும்" என்றார்.

இந்தக் கட்டுரை முழுக்க அந்த ஒரு வாக்கியத்துக்கு விளக்கம்தான். கஷாயத்தின் நோக்கம் மூலிகைக்குள் இருப்பதையெல்லாம் தண்ணீருக்குள் இழுத்துவிடுவது. அதனால் நான்கு பங்கு தண்ணீர் ஒரு பங்காக வற்றும்வரை காய்ச்சுகிறோம். கசந்தாலும் கண்ணை மூடிக்கொண்டு குடிக்கிறோம். ரசத்தின் நோக்கம் மணம் பாத்திரத்தைவிட்டுப் போகாமல் இலைக்கு வருவது. அதற்கு எது எவ்வளவு நேரம் சூட்டைத் தாங்கும் என்று தெரிந்திருக்க வேண்டும். பழத் தேநீர் ரசத்தின் பக்கம் நிற்கிற பானம்.

செய்முறைக்கு முன்னால் பெயரைப் பற்றி ஒரு வார்த்தை. பழத் தேநீர் என்ற பெயரில் இரண்டு வேறு பானங்கள் உண்டு. ஜெர்மனி போன்ற நாடுகளில் இந்தப் பெயரில் பொட்டலமாக விற்பதில் பெரும்பாலும் தேயிலையே இருக்காது. காய்ந்த ஆப்பிள் துண்டு, காட்டு ரோஜாவின் காய், நம் புளிச்சக்கீரையின் இனத்தைச் சேர்ந்த செடியின் சிவந்த பூவுறை ஆகியவற்றின் கலவை அது. அதே நாட்டில் கிறிஸ்துமஸ் சந்தைகளில் பெரியவர்கள் பட்டை, கிராம்பு போட்டுச் சூடாக்கிய ஒயின் குடிப்பார்கள். குழந்தைகளுக்கு ஒயினுக்குப் பதிலாகப் பழச்சாறும் பழத் தேநீரும் அதே மசாலாக்களும் சேர்த்துச் சுடவைத்துத் தருவார்கள். கிண்டர்புன்ஷ் என்று அதற்குப் பெயர். இந்தியாவில் இதற்கு நெருங்கிய உறவுகள் இரண்டு. மலபாரில் பிரியாணிக்குப் பிறகு வரும் சுலைமானி, பால் சேராத தேநீரில் எலுமிச்சையும் ஏலக்காயும் சேர்ந்தது. காஷ்மீரின் கவா, பச்சைத் தேயிலையில் குங்குமப்பூவும் பட்டையும் ஏலமும் பாதாமும் சேர்ந்தது. நாம் இங்கே செய்யப்போவது கறுப்புத் தேயிலையும் புதுப் பழமும் சேர்கிற வகை. கிண்டர்புன்ஷின் பழமும் சுலைமானியின் புளிப்பும் அதில் உண்டு.

பட்டையும் கிராம்பும் ஏன் முதலில்?

மசாலாப் பொருள்களின் மணம் அவற்றுக்குள் எண்ணெயாக இருக்கிறது. பட்டை மரத்தின் தோல், இஞ்சி மண்ணுக்கடியில் தடித்த தண்டு, கிராம்பு விரியாத பூமொட்டு. இவற்றில் கெட்டியானதுதான் தாமதமாகத் தரும். பட்டை முழுதாக இருந்தால் அதன் இனிப்பும் காரமும் தண்ணீருக்குள் இறங்க எட்டு, பத்து நிமிடம் மெல்லிய கொதி வேண்டும். அவசரப்பட்டுப் பட்டைத்தூளைப் போட்டால் சீக்கிரம் இறங்கும்தான், ஆனால் தேநீர் கலங்கும், தூள் தண்ணீரில் ஊறி வழவழப்பாகி அடியில் தங்கும், எந்த வடிகட்டியிலும் நிற்காது. இந்தப் பானத்துக்கு முழு மசாலா மட்டும்தான்.

கொதிக்கும்போது மூடி போட வேண்டும் என்பதைப் பலர் பொருட்படுத்துவதில்லை. ஊட்டிப் பக்கம் நீலகிரித் தைலம் காய்ச்சுகிற இடத்தைப் பார்த்தவர்களுக்கு இதன் காரணம் உடனே விளங்கும். யூகலிப்டஸ் இலையை ஆவியில் வேகவைக்கிறார்கள். இலையிலிருக்கும் தைலம் ஆவியோடு மேலேறுகிறது. அந்த ஆவியைக் குளிரவைத்தால் தைலம் தனியே வடிகிறது. நம் அடுப்பில் நடப்பதும் அதுதான். பட்டையின் எண்ணெயும் கிராம்பின் எண்ணெயும் ஆவியோடு ஏறிக்கொண்டிருக்கின்றன. மூடி இருந்தால் அதில் முட்டிக் குளிர்ந்து சொட்டுச் சொட்டாகத் திரும்பப் பாத்திரத்தில் விழும். மூடி இல்லாவிட்டால் சித்தி சொன்னபடி வீட்டுக்குப் போய்விடும்.

பட்டையில் இரண்டு ரகம் இருப்பது தெரிந்தால் கடையில் பார்த்து வாங்கலாம். நம் மளிகைக் கடைகளில் பிரியாணிக்கென்று கிடைப்பது பெரும்பாலும் கேசியா எனப்படும் ரகம்: தடித்த, முரட்டுத் தோல், ஒரே அடுக்கு, உடைத்தால் மரத்துண்டு போலத் தெறிக்கும், காரம் தூக்கல். இன்னொன்று இலங்கையின் பட்டை. ஈழத்தமிழர் கறுவா என்று சொல்வது இதைத்தான். இளங்கிளைகளின் உள்தோலை மெல்லிசாக உரித்து, ஒன்றுக்குள் ஒன்றாகச் செருகிச் சுருட்டிக் காயவைக்கிறார்கள். அதனால் வெட்டுமுகத்தைப் பார்த்தால் காகிதச் சுருள் போலப் பல அடுக்குகள் தெரியும், விரலால் நொறுக்கலாம். மணம் மென்மை, இனிப்பு. போர்ச்சுக்கீசியரும் பிறகு டச்சுக்காரரும் இலங்கையின் கரையோரத்தைப் பிடித்து வைத்துக்கொண்டதற்கு இந்தச் சுருள் ஒரு பெரிய காரணம். பழத்தோடு சேர்வதற்கு எனக்குக் கறுவாதான் பிடிக்கும். கேசியா ஆரஞ்சு வாசத்தை அமுக்கிவிடுகிறது. கேசியாவில் கூமரின் என்ற பொருளும் அதிகம். அது அளவு மீறினால் கல்லீரலுக்கு ஆகாது. குளிர்காலம் முழுக்கத் தினமும் குடிக்கிற எண்ணம் இருந்தால் கறுவாவாகப் பார்த்து வாங்குங்கள். கேசியாதான் கையில் இருக்கிறதென்றால் அளவைப் பாதியாக்குங்கள்.

கிராம்பை எண்ணிப் போட வேண்டும், அள்ளிப் போடக் கூடாது. பல்வலிக்கு வைக்கும் கிராம்புத் தைலம் ஈறை மரக்கச் செய்வது அதிலுள்ள யூஜினால் என்ற எண்ணெயால். அதே எண்ணெய் தேநீரில் கூடினால் நாக்கின் நுனி மரக்கும், பிறகு பழச்சுவை எதுவும் தெரியாது. ஒரு டம்ளருக்கு ஒன்று என்ற கணக்கு போதும். கன்னியாகுமரி மாவட்டத்து மலைத்தோட்டக் கிராம்பு கிடைத்தால் நல்லது. நல்ல கிராம்பை நகத்தால் அழுத்தினால் எண்ணெய் கசியும்; மொட்டின் தலை உதிராமல் இருக்கும்.

இஞ்சிக்கும் சுக்குக்கும் உள்ள வேறுபாடு நம் சமையலறைக்குப் புதிதல்ல, ஆனால் காரணம் சுவையானது. பச்சை இஞ்சியின் காரத்துக்குக் காரணமான ஜிஞ்சரால் என்ற பொருள், இஞ்சி காயும்போது ஷோகால் என்ற வேறொன்றாக மாறுகிறது. அது இன்னும் காரம். கொதிக்கிற தண்ணீரில் ஜிஞ்சராலின் ஒரு பகுதி ஜிஞ்சரோனாக மாறி இனிமையாகிறது. அதனால்தான் வெந்த இஞ்சி பச்சை இஞ்சியைப் போல் சுரீரென்று ஏறுவதில்லை. பழத் தேநீருக்குப் பச்சை இஞ்சியே பொருத்தம். மழையில் நனைந்து வந்த நாளில் காரம் வேண்டுமென்றால் கட்டைவிரல் நகமளவு சுக்கைத் தட்டிப் போடலாம். சுக்கின் மேல்தோலைச் சீவிவிட வேண்டும்; சுக்குக்குப் புறம் நஞ்சு, கடுக்காய்க்கு அகம் நஞ்சு என்று பெரியவர்கள் சொல்லி வைத்ததை நான் மீறுவதில்லை.

ஏலக்காய் இந்தக் கூட்டத்தில் கொஞ்சம் மென்மையானது. அதன் மணம் உள்ளே இருக்கும் விதையில் இருக்கிறது, சீக்கிரம் பறந்துவிடும். அதனால் பட்டையோடு போடாமல் பழத்தோடு போடுவேன், லேசாகத் தட்டி. போடிநாயக்கனூர்ப் பக்கமிருந்து வரும் பச்சை ஏலம் இரண்டு போதும். அன்னாசிப்பூ வேண்டுமானால் இரண்டு இதழ். முழுப்பூ போட்டால் குருமா நினைவு வந்துவிடும்.

மலையில் இருப்பவர்களுக்கு ஒரு குறிப்பு. கடல் மட்டத்தில் தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்கும். ஊட்டி சுமார் 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கே காற்றின் அழுத்தம் குறைவு, தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும். எவ்வளவு எரித்தாலும் அதற்கு மேல் சூடு ஏறாது. அதனால் சென்னையில் எட்டு நிமிடத்தில் இறங்குகிற பட்டைக்கு ஊட்டியிலும் கொடைக்கானலிலும் இரண்டு மூன்று நிமிடம் கூடுதலாகக் கொடுங்கள்.

பழம்: தோலில் மணம், வெள்ளையில் கசப்பு

இந்தப் பானத்தில் நான் மிகவும் மதிக்கிற பொருள் ஆரஞ்சுத் தோல். பழத்தைத் தின்றுவிட்டுத் தோலைக் குப்பையில் போடுகிறோம். மணத்தில் பெரும்பங்கு அந்தத் தோலில்தான் இருக்கிறது. தோலை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால் ஊசிமுனை அளவுப் புள்ளிகள் தெரியும். ஒவ்வொன்றும் ஓர் எண்ணெய்ப் பை. தோலை மடித்து நசுக்கினால் தெறிக்கிறதே, அந்த எண்ணெய்தான் தேநீருக்கு ஆரஞ்சு வாசத்தைத் தருகிறது. சாறு தருவது இனிப்பும் புளிப்பும். சாற்றை மட்டும் ஊற்றிவிட்டு ஆரஞ்சு மணமே வரவில்லையே என்று கேட்பவர்கள் தோலை மறந்தவர்கள்.

தோலுக்கு அடியிலுள்ள வெள்ளை நார்ப்பகுதி கசக்கும். சூட்டில் கிடந்தால் இன்னும் கசப்பை விடும். கார்த்திகை, மார்கழியில் நம் சந்தைக்கு வரும் கமலா ஆரஞ்சில் தோல் தளர்வாகக் கழன்று வரும், வெள்ளையும் குறைவு. உரித்த தோலைப் பலகையில் கவிழ்த்து, உட்பக்கத்தை ஸ்பூன் விளிம்பால் சுரண்டினால் வெள்ளை வந்துவிடும். தோலைப் பயன்படுத்துவதால் பழத்தைக் கல்லுப்பு தேய்த்து வெந்நீரில் கழுவுங்கள். கீழ்ப்பழனி மலையில் விளையும் கொடை ஆரஞ்சு கிடைத்தால் விட வேண்டாம். பார்க்க அழகாக இருக்காது, மணத்துக்கு ஈடில்லை.

ஆப்பிளின் வேலை வேறு. அதில் மணம் அவ்வளவு இல்லை. அது தருவது உடம்பு. ஆப்பிளில் பெக்டின் என்ற கூழ்ப்பொருள் இருக்கிறது. ஜாம் இறுகுவது அதனால்தான். மெல்லிய சூட்டில் வேகும்போது கொஞ்சம் பெக்டின் கரைந்து, தண்ணீராக ஓடாமல் நாக்கில் சற்று நிற்கிற ஒரு வழுமையைத் தேநீருக்குக் கொடுக்கிறது. ஆறேழு நிமிடம் வெந்தால் போதும். அதற்கு மேல் விட்டால் குழைந்து தேநீர் கலங்கும். தோல் சீவ வேண்டாம், சிவப்புத் தோல் லேசான நிறம் தரும். மெழுகு பூசிய பளபளப்பான ஆப்பிள் என்றால் வெதுவெதுப்பான நீரில் துணியால் தேய்த்துக் கழுவிவிடுங்கள். மாவாகிப்போன ஆப்பிள் வேண்டாம், கடித்தால் சத்தம் வருகிற புளிப்பு ஆப்பிள் வேண்டும்.

கொல்லிமலை அன்னாசி கிடைக்கிற காலத்தில் ஆப்பிளுக்குப் பதில் அதைப் போடலாம். பட்டைக்கும் அன்னாசிக்கும் நல்ல பொருத்தம். கம்பம் பள்ளத்தாக்குப் பன்னீர் திராட்சை இன்னொரு வழி. 100 கிராம் திராட்சையை மசாலாத் தண்ணீரில் ஐந்து நிமிடம் வேகவைத்து மத்தால் மசித்து வடித்தால், கருஞ்சிவப்பில் ஒரு தேநீர் வரும். ஜெர்மானியச் சந்தையின் கிண்டர்புன்ஷ் நிறத்துக்கு மிக நெருங்கியது அதுதான். திராட்சைத் தோலிலும் துவர்ப்பு இருப்பதால் தேயிலையைக் குறைத்துக்கொள்ள வேண்டும். மாதுளைச் சாற்றுக்கும் அதே கணக்கு. நெல்லிக்காயை நான் சேர்ப்பதில்லை. துவர்ப்பின் மேல் துவர்ப்பு ஏறுகிறது. வாழை, சப்போட்டா, பப்பாளி போன்ற குழையும் பழங்கள் இந்தப் பானத்துக்கு ஒத்துவராது.

தேயிலையும் அடுப்பும்

நம் வீடுகளில் டீ என்றால் தூளைப் பாலோடு சேர்த்துக் கொதிக்கவிடுவதுதான். அந்தப் பழக்கம் இங்கே அப்படியே உதவாது. கொதிக்கக் கொதிக்கத் தேயிலை துவர்ப்புப் பொருளை விட்டுக்கொண்டே இருக்கும். பால் டீயில் பாலின் புரதம் அந்தத் துவர்ப்பைப் பிடித்துக்கொள்கிறது, அதனால் எவ்வளவு கொதித்தாலும் நாக்கு தாங்குகிறது. பழத் தேநீரில் அப்படிப் பிடித்துக்கொள்ள ஒன்றும் இல்லை. அடுப்பை அணைத்து, கொதி அடங்கிய தண்ணீரில் தேயிலையைப் போட்டு மூடி, மூன்று நிமிடம் காத்திருந்து வடித்துவிட வேண்டும். நான்காவது நிமிடத்தைக்கூடப் பொறுக்கலாம், பத்தாவது நிமிடத்தைப் பொறுக்க முடியாது.

பாலை இதில் சேர்க்கவே கூடாது. எலுமிச்சையின் புளிப்பும் ஆரஞ்சின் புளிப்பும் பாலைத் திரித்துவிடும். பனீர் செய்ய நாம் பாலில் எலுமிச்சை பிழிகிறோம்; இங்கேயும் நடப்பது அதுவே.

எந்தத் தேயிலை? நீலகிரியின் தொழிற்சாலைகளில் பெரும்பாலானவை சி.டி.சி. முறையில், பல் வைத்த உருளைகளுக்கிடையே இலையை நசுக்கிக் குருணையாக்குகின்றன. பால் டீக்கு ஏற்ற அடர்த்தியும் நிறமும் தருவது அது. இலையை இலையாகவே சுருட்டிப் பதப்படுத்துவது ஆர்த்தடாக்ஸ் முறை. சாயம் மெல்ல இறங்கும், துவர்ப்பு குறைவு, பூவாசம் போன்ற ஒரு மணம் உண்டு. பழத் தேநீருக்கு இதுதான் வேண்டும். அதிலும் டிசம்பர் முதல் மார்ச் வரை, உறைபனி விழும் நாள்களை ஒட்டிப் பறிக்கிற நீலகிரித் தேயிலைக்குத் தனி மணம். குளிரில் செடி மெதுவாக வளர்வதால் வருவது. ஆறினாலும் கலங்காமல் தெளிவாக நிற்பது நீலகிரித் தேயிலையின் இன்னொரு குணம். வீட்டில் டஸ்ட் டீதான் இருக்கிறதென்றால் அதிலும் செய்யலாம்: அளவைப் பாதியாக்கி, ஒன்றரை நிமிடத்தில் வடித்துவிடுங்கள்.

எலுமிச்சை பிழிந்ததும் தேநீரின் நிறம் வெளுப்பதைப் பார்த்து, தண்ணீராகிவிட்டதோ என்று சிலர் இன்னும் கொஞ்சம் தூள் போடுவார்கள். போட வேண்டாம். தேநீரின் செம்பழுப்பு நிறத்தைத் தரும் பொருள்களே புளிப்புக்கு நிறம் மாறுகின்றன, அவ்வளவுதான். சாயத்தின் அளவு குறையவில்லை. இன்னொன்றும் கவனித்திருப்பீர்கள்: ஆழ்துளைக் கிணற்று உப்புத் தண்ணீரில் பால் சேராத தேநீர் போட்டால் மேலே எண்ணெய்ப் படலம் போல ஓர் ஏடு கட்டும். தண்ணீரின் சுண்ணாம்புச் சத்து தேயிலைச் சாற்றோடு சேர்ந்து கட்டுவது அது. எலுமிச்சையின் புளிப்பு அதையும் கட்டவிடாது. ஆனாலும் தண்ணீர் நன்றாக இருந்தால்தான் தேநீர் நன்றாக இருக்கும். குடிக்கிற தண்ணீரையே எடுத்துக்கொள்ளுங்கள்.

இனி அடுப்பைப் பற்றவைக்கலாம். நான்கு பேருக்கான கணக்கு இது. எவர்சில்வர் பாத்திரத்தில் 700 மில்லி தண்ணீர் ஊற்றுங்கள். ஈயம் பூசாத பித்தளையும் செம்பும் புளிப்புக்கு ஆகாது, அலுமினியமும் வேண்டாம். தண்ணீர் குளிர்ந்திருக்கும்போதே விரல் நீளக் கறுவாவை இரண்டாக உடைத்தும், நான்கு கிராம்பும், பெரிய நெல்லிக்காய் அளவு இஞ்சியைத் தட்டியும் போடுங்கள். தட்டிய இஞ்சியே நல்லது, துருவினால் நார் மிதக்கும். கொதி வந்ததும் தீயைக் குறைத்து மூடி எட்டு நிமிடம் விடுங்கள். பெரிய குமிழிகள் வேண்டாம்; ஓரத்தில் சின்னக் குமிழிகள் முத்து முத்தாக வந்தால் போதும்.

அடுத்து ஒரு நடுத்தர ஆப்பிள், கால் அங்குலத் தடிப்பில் நறுக்கியது. வெள்ளை சுரண்டிய ஆரஞ்சுத் தோல் இரண்டு விரல் அகலத்தில் இரண்டு துண்டு. தட்டிய ஏலக்காய் இரண்டு. பனங்கற்கண்டு மூன்று மேசைக்கரண்டி. மறுபடி மூடி ஆறு நிமிடம். இந்த நேரத்தில் இரண்டு ஆரஞ்சின் சாற்றைப் பிழிந்து விதை போக வடித்து வைத்துக்கொள்ளுங்கள். விதை நசுங்கினால் கசக்கும். ஆப்பிள் ஓரம் கண்ணாடி போலத் தெரியத் தொடங்கியதும் அடுப்பை அணையுங்கள். குமிழி அடங்கட்டும். இரண்டு டீஸ்பூன் இலைத் தேயிலையைத் தூவி மூடி, மூன்று நிமிடம் கடிகாரம் பார்த்து நில்லுங்கள். வடித்த பிறகு ஆரஞ்சுச் சாறு, அரை மூடி எலுமிச்சை, இரண்டு விரல் நுனியில் எடுத்த உப்பு. உப்பு தெரியக் கூடாது. கசப்பைத் தணித்து இனிப்பை முன்னால் கொண்டுவரத்தான் அது. சாறு சேர்ந்ததும் கொஞ்சம் சூடு குறையும், குடிக்கிற பதமாக இருக்கும். மறுபடி அடுப்பில் ஏற்றிக் கொதிக்கவிட்டால் சாற்றின் புதுமணம் போய்ச் சமைத்த வாடை வந்துவிடும். சூடு போதவில்லையென்றால் டம்ளரை முன்கூட்டியே வெந்நீரில் கழுவி வைத்துக்கொள்ளுங்கள்.

பனங்கற்கண்டை நான் தேர்ந்தெடுப்பது அது ஒதுங்கி நிற்கும் இனிப்பு என்பதால். கருப்பட்டி எனக்கு உயிர், சுக்குக் காபியில் அதை மிஞ்ச ஒன்றில்லை. ஆனால் அதன் புகைமணம் ஆரஞ்சைப் பேசவிடாது. வெல்லமும் ஏறக்குறைய அப்படித்தான். தேன் சேர்ப்பதாக இருந்தால் பனங்கற்கண்டைக் குறைத்து, டம்ளரில் ஊற்றி வாய் பொறுக்கும் சூட்டுக்கு வந்த பிறகு ஒரு ஸ்பூன் கலக்குங்கள். கொதிக்கும் நீரில் தேனின் மணம் நிற்காது. ஒரு வயது நிரம்பாத குழந்தைக்குத் தேன் எந்த வடிவிலும் கொடுக்கக் கூடாது.

முதல்முறை சரியாக வராமல் போகலாம். குடித்துப் பார்த்துக் காரணத்தைக் கண்டுபிடிப்பது எளிது. நாக்கு சுருங்கினால் தேயிலை அதிக நேரம் கிடந்திருக்கிறது. தொண்டையின் அடியில் கசந்தால் ஆரஞ்சின் வெள்ளையோ எலுமிச்சைத் தோலோ சேர்ந்திருக்கிறது. எலுமிச்சையைக் கடைசிச் சொட்டுவரை முறுக்கிப் பிழிபவர்களுக்கு இது நேரும். நாக்கு நுனி மரத்தால் கிராம்பு கூடிவிட்டது. மணம் இருந்தும் சுவை சப்பென்று இருந்தால் புளிப்பு போதவில்லை, இன்னும் நாலு சொட்டு எலுமிச்சை அதைச் சரிசெய்துவிடும். பலர் இந்த இடத்தில் சர்க்கரையைக் கூட்டித் திகட்டவைக்கிறார்கள். துவர்ப்பு ஏறிவிட்ட தேநீரைக்கூட வீணாக்க வேண்டாம். அதே அளவு வெந்நீரும் ஆரஞ்சுச் சாறும் சேர்த்து நீட்டினால் குடிக்கலாம்.

சளிக்கும் காய்ச்சலுக்கும் இது மருந்தா என்று கேட்பார்கள். மருந்தில்லை. சூடான ஆவி மூக்கடைப்பைக் கொஞ்சம் இளக்கும், வெதுவெதுப்பு தொண்டைக்கு இதம் தரும், உடம்புக்குத் தண்ணீர் போகும். அந்த அளவே இது மதிப்புள்ளது. இரண்டு மூன்று நாளில் அடங்காத காய்ச்சலுக்கு மருத்துவரைப் பார்க்க வேண்டும். சர்க்கரை நோய் உள்ளவர்கள் இனிப்பை விட்டுவிட்டு, பழச்சாற்றின் அளவையும் குறைத்துக்கொள்ளலாம். ஆப்பிளும் கறுவாவும் இருப்பதால் இனிப்பில்லாமலே அது ருசிக்கும். சிறு பிள்ளைகளுக்குத் தேயிலை போடாமல் அப்படியே வடித்துக் கொடுங்கள். ராத்திரி தூக்கம் கெடும் என்று பயப்படும் பெரியவர்களுக்கும் அதுவே வழி. தேயிலை கடைசியில் போவதால், பாதியை முன்னாலேயே ஒரு பாத்திரத்தில் எடுத்து வைத்துவிட்டு மீதியில் மட்டும் தேயிலை போடலாம். எங்கள் வீட்டில் ஒரே அடுப்பில் இரண்டு வகையும் தயாராவது இப்படித்தான்.

பிளாஸ்கில் ஊற்றி வைப்பதாக இருந்தால் நன்றாக வடித்துவிட்டு ஊற்றுங்கள். ஒரு தேயிலைத் துணுக்கு கிடந்தாலும் அது ஊறிக்கொண்டே இருக்கும். எலுமிச்சையைப் பிளாஸ்கில் பிழியாமல் தனியாக எடுத்துப் போய், குடிக்கும்போது டம்ளரில் பிழிந்துகொள்ளுங்கள். அதிகாலையில் பனியோடு கிளம்பும் பயணத்துக்கு இரண்டு மூன்று மணி நேரம் மணம் மாறாமல் இருக்கும்.

வடிகட்டியில் தங்குகிற ஆப்பிள் துண்டுகளைக் கொட்டிவிடாதீர்கள். பட்டை மணமும் ஆரஞ்சு மணமும் ஏறி, பாதி வெந்து, இனிப்போடு இருக்கும். ஒட்டியிருக்கும் தேயிலையைத் தண்ணீரில் அலசிவிட்டுச் சூடாகவே தின்னலாம். குன்னூரில் சித்தி அதைக் கிண்ணத்தில் எடுத்து வைத்துவிட்டுத்தான் டம்ளர்களைக் கூடத்துக்கு எடுத்துவருவார். பேரப்பிள்ளைகள் தேநீரை விட்டுவிட்டு அந்தக் கிண்ணத்தைத்தான் முதலில் தேடுவார்கள். கறுவாத் துண்டைக் கழுவி, வெயிலில் ஈரம் போகக் காயவைத்தால் இன்னொரு முறைக்கு வரும். அடுத்த தடவை அதோடு புதிதாகப் பாதித் துண்டு சேர்த்துக்கொண்டால் போதும்.